நான் தெரியலையே?

நேர்கோடு என்பது அவனுக்கு வீட்டில் வைத்த பெயர் இல்லை. ஜெராக்ஸ் கடை முதலாளி வைத்தது. கோணலாக ஒரு தாளைக் கண்டுவிட்டால் அவனுக்குக் கை பரபரக்கும். அவசரமாக ஒருவர் நீட்டும் சான்றிதழை வாங்கிக் கண்ணாடிமேல் வைப்பான், எடுப்பான், மறுபடி வைப்பான். நூல் பிடித்தாற்போல் வந்த பிறகுதான் மூடியை இறக்குவான். "இவர்கிட்ட குடுத்தா நம்ம பஸ் போயிடும்" என்று வாசலில் நிற்பவர்கள் முணுமுணுப்பார்கள். ஆனால் கல்லூரிப் பிள்ளைகளின் ஆய்வேடு மாதிரி பெரிய வேலை என்றால் அவனையேதான் தேடி வருவார்கள். பைண்டிங் முடிந்த கட்டை வெட்டும் இயந்திரத்தில் வைத்து மூன்று பக்கமும் ஓரம் வெட்டுவதில் அவனை மிஞ்ச அந்தத் தெருவில் ஆள் கிடையாது. வெட்டிய ஓரங்கள் காலடியில் சுருள் சுருளாய்க் கிடக்கும். சாயங்காலம் கூட்டி அள்ளிப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போவான். பதினாறு வருஷமாக இதே வேலை.

வயது முப்பத்தொன்பது. கல்யாணம் ஆகவில்லை. இரண்டாவது மாடியில் இரண்டு அறையும் ஒரு சமையலறையும் கொண்ட வீடு. கூட அவனுடைய அக்கா.

அக்கா அவனைவிடப் பதினோரு வயது மூத்தவள். கல்யாணமாகிப் போன இடத்தில் சரிப்பட்டு வரவில்லை. "ரெண்டு வாரம் இருந்துட்டுப் போறேன்டா" என்று ஒரு பெட்டியோடு வந்தாள். அந்த இரண்டு வாரம் முடியாமலே பன்னிரண்டு வருஷம் ஓடிவிட்டது. பெண்கள் விடுதி ஒன்றில் அவளுக்குப் பகல் வேலை. சாவிக்கொத்தும் வருகைப் பதிவேடும் அவள் பொறுப்பு. காலையில் சமைத்து வைத்து, தம்பியின் சட்டையைத் தேய்த்து வைத்து, ஒன்பது மணிக்குக் கிளம்புவாள். ஆறு மணிக்கு வந்து விட்ட இடத்திலிருந்து தொடங்குவாள். இரண்டு வருஷமாகவே அவளை வார்டனாக வரச் சொல்லி விடுதியில் கேட்டுக்கொண்டிருந்தார்கள். வார்டன் என்றால் அங்கேயே தங்க வேண்டும். தனி அறை தருவார்கள். "என் தம்பி தனியாக் கிடப்பாம்மா. ஒரு டீ போட்டுக்கத் துப்பு கிடையாது" என்று சொல்லித் தட்டிக்கழித்து வந்தாள். இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

ஒரு நாள் திரைப்படக் கழகத்தின் செயலாளர் ஒரு துண்டறிக்கையைக் கொண்டுவந்து இருநூறு பிரதி கேட்டார். 'உங்கள் அன்றாட வாழ்க்கையை நீங்களே படமெடுங்கள்' என்று தலைப்பு. ஒரு செல்போன் போதும். கேமரா நகரக் கூடாது. பேச்சு வேண்டாம், இசை வேண்டாம், நடிப்பு வேண்டாம். ஒரு காட்சி ஒரு நிமிஷம். தேவையில்லாத எதுவும் ஃப்ரேமுக்குள் இருக்கக் கூடாது. இருநூறு பிரதி எடுத்து முடிப்பதற்குள் நேர்கோட்டுக்கு அது மனப்பாடம் ஆகிவிட்டது. இருநூற்றோராவது பிரதி ஒன்றைத் தனக்கென்று எடுத்து லேமினேஷன் போட்டு வைத்துக்கொண்டான். அதுவரை தன் குணத்தை எல்லாரும் கிண்டல் செய்யத்தான் கேட்டிருக்கிறான். அதற்குக் கலை என்று ஒரு பெயர் இருக்கிறது என்று அன்றைக்குத்தான் அவனுக்குத் தெரிந்தது. ஆளுக்குத் தலைகால் புரியவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமையே முன்னறையைக் காலி செய்தான். ஜன்னல் இருப்பது அங்கேதான், காலை வெயில் விழுவதும் அங்கேதான். சோபா, டிவி, செருப்பு அலமாரி, தேய்க்கிற மேஜை, தையல் மெஷின், இரண்டு பெட்டி, பழைய மின்விசிறி எல்லாம் அக்காவின் அறைக்குப் போயின. முன்னறையில் ஒரு மேஜை, ஒரு நாற்காலி, ஒரு கோப்பை, ஜன்னலில் ஒரு செடி. அவ்வளவுதான் மிஞ்சியது.

அக்கா தன் அறை வாசலில் நின்று உள்ளே பார்த்தாள். கட்டிலுக்குப் போக வேண்டுமானால் இனி சோபாமேல் ஏறி இறங்க வேண்டும்.

"கொஞ்ச நாளைக்குத்தான்க்கா."

"கொஞ்ச நாள்னா? என்னோட ரெண்டு வாரம் மாதிரியா?"

இரண்டு பேரும் சிரித்தார்கள். அப்போது சிரிக்க முடிந்தது.

படத்தின் பெயர் 'ஒரு கோப்பை'. தன்னந்தனியாக, எளிமையாக வாழும் ஒரு மனிதனின் காலை வேளைகள். அவன் எழுகிறான், டீ குடிக்கிறான், செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிறான், சட்டை மாட்டுகிறான், ஜன்னலோரம் உட்காருகிறான், கிளம்பிப் போகிறான். படத்தில் அவ்வளவுதான் நடக்கிறது. படத்துக்கு வெளியே நடந்ததைச் சொன்னால் அது பெரிய கதை. கோப்பையிலிருந்து ஆவி பறக்க வேண்டும் என்பான். அவன் ஃபோனைச் சரிபார்த்து, நாற்காலியை அரை விரல் நகர்த்தி, உட்காருவதற்குள் ஆவி அடங்கிவிடும். அக்கா மறுபடி கொதிக்க வைத்துக் கொண்டுவருவாள். ஒரே காட்சிக்கு நாலு தடவை டீ போட்ட நாளும் உண்டு. செடி வாடினால் அதே அளவில் இன்னொன்றைத் தேடி வாங்கி வருவாள். எந்தக் காட்சியில் எந்தச் சட்டை போட்டிருந்தான், எத்தனை பொத்தான் திறந்திருந்தது என்பதெல்லாம் அவள் நினைவில் இருக்கும்.

எல்லாவற்றையும்விட முக்கியமான வேலை, ஃப்ரேமில் விழாமல் இருப்பது. கேமரா எதுவரை பார்க்கிறது என்று ஆரம்பத்தில் அவளுக்குப் பிடிபடவில்லை. "ஓரம்க்கா, ஓரம்" என்று இவன் கத்த வேண்டியிருந்தது. பிறகு அவளே ஒரு சாக்குக்கட்டி கொண்டுவந்து, சமையலறை வாசலுக்கு அரையடி முன்னால் தரையில் ஒரு கோடு போட்டாள். கோட்டுக்கு அந்தப் பக்கம் படம், இந்தப் பக்கம் அவள். துடைக்கும்போதெல்லாம் அழிந்துபோகும். மறுபடி போட்டுவிடுவாள்.

எட்டு மாதம் இப்படி எடுத்தான். இருநூற்றுப் பதினான்கு காட்சிகள். அவற்றில் இருபத்து நான்கைப் பொறுக்கி, தலையும் வாலும் வெட்டி, ஒட்டி, கழகத்துக்கு அனுப்பினான். செயலாளரே கடைக்கு வந்துவிட்டார். "அந்த ஜன்னல் காட்சி இருக்கே, ஒரு நிமிஷம் முழுக்க ஒரு சத்தம் இல்லை. அந்த மௌனம் என்னைத் தூங்க விடலை சார்" என்றார். சார் என்று அவனை யாரும் அதற்கு முன்னால் கூப்பிட்டதில்லை. முதலாளி வேறு பக்கம் திரும்பிக்கொண்டு மையை மாற்றினார்.

நூலகத்தின் மாடியில் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் திரையிட்டார்கள். நாற்பது நாற்காலியில் முப்பத்தைந்து நிறைந்தது. அக்கா நல்ல புடவை கட்டிக்கொண்டு மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தாள். மடியில் கைப்பை, அதற்குள் அவனுக்குத் தண்ணீர் பாட்டில். படம் ஓடியபோது அவள் திரையைப் பார்த்ததைவிடச் சுற்றியிருந்தவர்களின் முகத்தைப் பார்த்ததுதான் அதிகம். ஜன்னல் காட்சியில் ஒருவரும் அசையவில்லை. அவள் மட்டும் கைக்குட்டையை எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள்.

விளக்கைப் போட்டதும் கைதட்டினார்கள். அவனை முன்னால் நிறுத்திக் கேள்வி கேட்டார்கள். கல்லூரி மாணவி ஒருத்தி எழுந்தாள்.

"படத்துல வேற மனுஷங்களே இல்லையே. நிஜமாவே நீங்க தனியாத்தான் இருக்கீங்களா?"

"ஆமா" என்றான். "தனியாத்தான்."

வாய் தவறி வந்தது என்று இதைச் சொல்லித் தப்பிக்கலாம். ஆனால் அவன் அங்கே நிறுத்தவில்லை. மாணவி தலையசைத்த விதம் அவனுக்குப் பிடித்திருந்தது. "பழகிடுச்சு. தனியா இருக்கிறவனுக்குத்தான் கோப்பையை வைக்கிற சத்தம்கூடக் கேக்கும்" என்றான். யாரோ அதை நோட்டில் எழுதிக்கொண்டார்கள்.

பின்வரிசையிலிருந்து கண்ணாடி போட்ட பெரியவர் ஒருவர் எழுந்தார். "செடிக்குத் தண்ணி ஊத்துற காட்சியில சுவத்துல ஒரு நிழல் போகுதே. அது யாரு?"

அந்த நிழல் அவனுக்கு நன்றாகத் தெரியும். வெட்டும்போது பத்துத் தடவை பார்த்தான். அக்கா தண்ணீர்க் குவளையை அவன் கையில் கொடுத்துவிட்டுப் பின்வாங்கியபோது விழுந்தது. அழகாக இருக்கிறது என்று அவனே விட்டு வைத்திருந்தான்.

"அதுவா" என்றான். "மேகம் போயிருக்கும்."

ஆகா என்றார்கள். கை தட்டினார்கள். அக்காவும் தட்டினாள். அவன் அதைப் பார்த்தான். அந்தக் கைகளைத்தான் பார்த்தான், முகத்தை நிமிர்ந்து பார்க்கத் துணிவு வரவில்லை.

பிறகு செயலாளர் அவனை நடுவில் நிறுத்திப் படம் எடுத்துக்கொண்டார். யாரும் சொல்லாமலே அக்கா இரண்டு எட்டுப் பின்னால் போய்ச் சுவரோரம் நின்றுகொண்டாள். செயலாளரின் மனைவி அவளிடம், "நீங்க எங்கேருந்து வரீங்க?" என்று மரியாதைக்குக் கேட்டாள்.

"சும்மாதான். படம் பாக்கலாம்னு வந்தேன்" என்றாள் அக்கா.

இது அவன் காதில் விழுந்தது. திரும்பி, "எங்க அக்கா" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். இரண்டே சொல். அதற்கு என்ன நேரம் ஆகும்? ஆனால் சொன்னால் தனியாக இருக்கிறேன் என்றது என்னாவது, மேகம் என்னாவது? கேமரா பக்கமே திரும்பிக்கொண்டான்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். பாட்டிலை எடுத்துக் கொடுத்தாள். குடித்தான். இரண்டு நிறுத்தம் தாண்டிய பிறகு அவள், "நான் மேகமாடா?" என்றாள். சொல்லிவிட்டுச் சிரித்தாள். அவனும் சிரித்து வைத்தான்.

மூன்று நாள் ஒன்றும் இல்லை. அவள் வழக்கம்போல சமைத்தாள், சட்டை தேய்த்தாள். அவன்தான் தேவையில்லாமல் பாத்திரம் கழுவினான், கேட்காமலே கடைக்குப் போய் வந்தான். குற்றம் செய்தவன் வீட்டில் நல்லவனாகிவிடுவான், பார்த்திருப்பீர்கள். நாலாம் நாள் சாயங்காலம் அவள் கைப்பையைக் கூட வைக்காமல் சொன்னாள்.

"விடுதியில சரின்னு சொல்லிட்டேன். வர்ற ஞாயிறு இல்ல, அதுக்கு அடுத்த ஞாயித்துக்கிழமைலேருந்து நான்தான் வார்டன்."

"எதுக்குக்கா திடீர்னு?"

"திடீர்னு என்ன? ரெண்டு வருஷமாக் கேக்கிறாங்க. நீ தனியா இருக்க முடியாதுன்னு நினைச்சிட்டு இருந்தேன். நீதான் பழகிடுச்சுன்னு அத்தனை பேர் முன்னாடி சொல்லிட்டியே."

"அது சும்மா, படத்துக்காகச் சொன்னது."

"சொன்னது சொன்னதுதானே. என்னால அது பொய்யாகக் கூடாதில்ல" என்றாள். கோபமே இல்லாமல் சொன்னாள். கோபமாகச் சொல்லியிருந்தால் திருப்பிச் சண்டையாவது போட்டிருப்பான்.

செய்ததைச் சரிக்கட்ட ஒரு வழிதான் அவனுக்குத் தோன்றியது. கோணலைக் கண்டால் திருத்துவதுதானே அவன் வாழ்நாள் வேலை. மறுநாள் காலை நாற்காலியை ஜன்னலோரம் போட்டு, ஃபோனை ஸ்டாண்டில் மாட்டி, "அக்கா, வா, நீ உக்காரு. நீயும் படத்துல இருக்கணும்" என்றான்.

அவள் வந்தாள். சாக்குக்கட்டிக் கோடு வரை வந்தாள். அங்கே கால் நின்றுவிட்டது.

"வாக்கா."

"வரேன்டா" என்றாள். ஒரு காலை எடுத்து வைத்தாள், சேலைத் தலைப்பைச் சரி செய்தாள், பிறகு அந்தக் காலைப் பின்னுக்கு எடுத்துக்கொண்டாள். "எனக்கு என்னவோ மாதிரி இருக்கு. பால் பொங்குது, விடு" என்று உள்ளே போய்விட்டாள். அடுப்பில் பால் இல்லை. அவன் பார்த்தான்.

சரி, எடுத்ததிலாவது எங்கேயாவது ஒரு ஓரத்தில் அக்கா அகப்பட்டிருப்பாள், அந்த ஒன்றைத் தேடிப் பிடித்துப் படத்தில் சேர்த்துவிடலாம் என்று நினைத்தான். சாயங்காலம் கடையில் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, முதலாளியின் கணினியில் வெட்டாத காட்சிகளை முதலிலிருந்து திறந்தான்.

முதல் காட்சி. ஃபோனில் சிவப்புப் பொத்தானை அழுத்தியவன் இன்னும் பின்னாலேயே நிற்கிறான். ஃப்ரேமில் வெறும் நாற்காலி. சமையலறைப் பக்கமிருந்து குரல்.

"நான் தெரியலையே?"

"தெரியலக்கா, தெரியல" என்கிறது இவன் குரல். பிறகுதான் இவன் நடந்து வந்து உட்காருகிறான். அவன் எடுத்துக்கொண்டது அங்கேயிருந்துதான். முன்னால் இருந்த ஐந்து விநாடியை வெட்டி எறிந்துவிட்டான்.

இரண்டாவது காட்சி. "நான் தெரியலையே?" "தெரியலக்கா."

மூன்றாவது. "நான் தெரியலையே? தெரிஞ்சா சொல்லிடு, தலை சீவிட்டு வரேன்." அதற்கு அவன் சிரிக்கிற சத்தம் கேட்டது.

ஒன்று விடாமல் எல்லாவற்றிலும் அந்தக் கேள்வி இருந்தது. அவசரமாக, கொட்டாவியோடு, கையில் கரண்டி மோதும் சத்தத்தோடு. "நான் தெரியலையே? சீக்கிரம்டா, கால் மரத்துப்போச்சு." முப்பது நாற்பது காட்சி வரை அவன் அக்கா என்று சேர்த்துப் பதில் சொன்னான். பிறகு வெறும் தெரியல. நூறைத் தாண்டிய பிறகு 'ம்' என்றான். கடைசி மாதங்களில் அதுவும் இல்லை. அவள் கேட்கிறாள், பதில் வருகிறதா என்று ஒரு நொடி காத்திருக்கிறாள், அவன் பாட்டுக்கு நடந்துபோய் நாற்காலியில் உட்காருகிறான்.

நேர்கோடு எழுந்து போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தான். இன்னும் ஜன்னல் காட்சி பாக்கி இருந்தது.

அதில் தொடக்கத்தில் இருமல். மார்பிலிருந்து வருகிற இருமல். அந்த வாரம் அவளுக்குக் காய்ச்சல் என்பதே அவனுக்கு இப்போதுதான் ஞாபகம் வந்தது. இருமலுக்கு நடுவில், "நான்... தெரியலையே?"

"அக்கா, இந்த வெளிச்சம் பத்து நிமிஷம்தான் இருக்கும். ஒரு நிமிஷம் அடக்கிக்க."

"சரிடா, நீ போ."

பிறகு அந்த நிமிஷம். ஒரு சத்தம் இல்லை. ஜன்னல், வெயில், அவன், கோப்பை. செயலாளரைத் தூங்க விடாத மௌனம். அறுபது விநாடியும் அவன் மூச்சு விடாமல் பார்த்தான். அது முடிந்த மறுநொடி, உடைந்துகொண்டு வந்தது இருமல். நிற்காமல் வந்தது. பாத்திரம் ஒன்று விழுந்து உருண்டது. அதற்கு மேல் அவனுடைய குரல், சந்தோஷமாக, "சூப்பர்க்கா, பிரமாதமா வந்திருக்கு" என்றது.

தண்ணீர் எடுத்துக் கொடுத்தானா என்று பார்த்தான். அதற்குள் பதிவு நின்றுவிட்டிருந்தது. கொடுத்ததாக அவனுக்கு நினைவில்லை. எவ்வளவு யோசித்தும் நினைவில்லை. எட்டு மாதம் தன்னைத் தானே பார்த்துக்கொண்டிருந்த ஒருத்தனுக்கு இந்த ஒன்று மட்டும் நினைவில் இல்லை.

செயலாளருக்கு ஃபோன் போட்டு உண்மையைச் சொன்னான். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அதெல்லாம் வெளியில சொல்லிக்க வேண்டாம் சார். அக்கா இருக்காங்கன்னு தெரிஞ்சா படத்தோட தனிமையே போயிடும். அடுத்த மாசம் கல்லூரியில வேற திரையிடப் போறோம்" என்றார். இவன் சரியென்று சொல்லாமலே ஃபோனை வைத்துவிட்டான்.

அதற்கடுத்த வாரம் முழுக்க, கடை மூடும் நேரத்தில் உட்கார்ந்து, வெட்டி எறிந்த தலைகளையும் வால்களையும் ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டினான். பதினெட்டு நிமிஷம் வந்தது. சனிக்கிழமை சாயங்காலம் முதலாளியின் மடிக்கணினியைக் கேட்டு வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தான். அக்காவின் பெட்டி வாசலருகே தயாராக இருந்தது. பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் வந்த அதே பெட்டி.

"போறதுக்கு முன்னாடி இதை ஒரு தடவை பாருக்கா."

முன்னறையில் இருந்தது ஒரே நாற்காலி. அவளை அதில் உட்கார வைத்து அவன் தரையில் உட்கார்ந்தான். கேமரா இல்லாததாலோ என்னவோ, அவள் கோட்டைத் தாண்டி வந்து உட்கார்ந்தாள்.

வெறும் நாற்காலி, வெறும் மேஜை, வெறும் ஜன்னல். நான் தெரியலையே, நான் தெரியலையே என்று அவள் குரல். முதலில் அவள் குலுங்கிச் சிரித்தாள். "இத்தனை தடவையா கேட்டேன்?" என்றாள். தலை சீவிவிட்டு வருவதாகச் சொல்கிற இடத்தில் தன் தலையைத் தடவிக்கொண்டாள். இரண்டு மூன்று இடங்களில் அவள் முதுகும், கோப்பையை வைத்துவிட்டு ஓடுகிற கையும் தெரிந்தன. இருமல் வந்ததும் சிரிப்பு நின்றது. பாத்திரம் உருண்ட சத்தத்துக்குக் கணினியின் பக்கம் குனிந்து கேட்டாள். அவன் தலையைத் தூக்கவில்லை.

முடிந்ததும் மடிக்கணினியின் மூடியை அவளே இறக்கினாள்.

"எல்லாம் சரி. இதுல நீ தெரியலையேடா" என்றாள்.

"தெரியலக்கா" என்றான். எதைத் தெரியவில்லை என்று சொன்னான் என்பது அவளுக்குப் புரிந்திருக்க வேண்டும். அவன் தலையில் ஒரு முறை கை வைத்து எடுத்தாள்.

"போகாதக்கா. சாமானை எல்லாம் நான் திரும்ப முன்னறையிலயே போட்டுடறேன். கேமராவைத் தொட மாட்டேன்."

"கேமரா என்னடா பண்ணுச்சு?" என்றாள். "நீ இல்லாதப்பவும் நான் ஓரமாத்தான் போறேன். போன வாரம் ஜன்னல் சாத்த வந்தேன். மழை. நடுவுல நடந்து வந்தா நாலு எட்டு. நான் சுவத்தை ஒட்டி ஒட்டிச் சுத்தி வந்திருக்கேன். நனைஞ்சப்புறம்தான் எனக்கே தெரிஞ்சுது."

அவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அங்க ரூமைக் காட்டினாங்க. சின்னதுதான். ஒரு கட்டில், ஒரு பீரோ. நான் போய் நடுவுல நின்னு பாத்தேன். நல்லா இருந்துச்சுடா. உன் மேல கோபத்துல போகலை."

கோபத்தில் போயிருந்தால் ஒரு நாள் கோபம் தணியும், திரும்பி வருவாள் என்று நம்பலாம். அந்த வழியையும் அவள் அன்பாகவே அடைத்துவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை காலை அவனே பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய் விட்டுவிட்டு வந்தான். விடுதிக்குள் ஆண்கள் வரக் கூடாது என்பதால் பெட்டியைக் கேட்டிலேயே வாங்கிக்கொண்டாள். "செடிக்குத் தண்ணி ஊத்து" என்றாள்.

வீட்டில் சாமான்களை அவன் நகர்த்தவில்லை. முன்னறை படத்தில் இருந்த மாதிரியே இருந்தது. காலையில் எழுந்தான், டீ போட்டான், ஒரு கோப்பையில் குடித்தான். படத்தில் வந்ததெல்லாம் ஒன்று விடாமல் நடந்தது. கோப்பையை வைக்கிற சத்தமும் கேட்டது.

அடுத்த மாதம் கல்லூரி அரங்கில் 'ஒரு கோப்பை' ஓடியது. கூட்டம் அதிகம். அக்காவுக்கு விடுமுறை கிடையாது. கேள்வி நேரத்தில் யாரோ ஒரு பையன், எல்லாரும் கேட்பதைத்தான் கேட்டான்.

"சார், நீங்க தனியாவா இருக்கீங்க?"

"இப்ப ஆமா" என்றான் நேர்கோடு.

செயலாளர் நிமிர்ந்து பார்த்தார். இவன் அவர் பக்கம் திரும்பவில்லை.

"படம் எடுத்தப்போ இல்லை. எங்க அக்கா கூட இருந்தாங்க. அந்த டீ அவங்க போட்டது. செடிக் காட்சியில சுவத்துல போறது அவங்க நிழல். ஜன்னல் காட்சியில சத்தமே இல்லைன்னு சொல்றாங்களே, அது அவங்க காய்ச்சல்ல இருமலை அடக்கிட்டு நின்ன நேரம். நான்தான் அடக்கச் சொன்னேன். முன்னாடி ஒரு தடவை தனியா இருக்கேன்னு சொன்னேன். அவங்க எதிர்ல உக்காந்திருந்தாங்க."

கை தட்டுவதா வேண்டாமா என்று யாருக்கும் தெரியவில்லை. ஒருவரும் தட்டவில்லை. செயலாளர் அடுத்த படத்தின் பெயரை அறிவித்தார்.

அவன் வெளியே வந்து படிக்கட்டில் நின்று அக்காவைக் கூப்பிட்டான்.

"சொல்லிட்டேன்க்கா."

"என்னன்னு?"

"அது மேகம் இல்லைன்னு."

"எதுக்குடா?" என்றாள். "மேகம் நல்லா இருந்துச்சே." அவள் சிரிக்கிறாளா என்று அவனால் கண்டுபிடிக்க முடியவில்லை. ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் அங்கே ஒரு பெண்ணின் குரல் தூரத்திலிருந்து கேட்டது. "வார்டனக்கா, எங்க இருக்கீங்க?"

"இங்கதாம்மா இருக்கேன்" என்று அக்கா உரக்கச் சொன்னாள். "நடுவுலதானே நிக்கிறேன், தெரியலையா?" அதே மூச்சில் இவனிடம், "வெச்சிடறேன்டா, சாவி கேக்கிறாங்க" என்றாள்.

இணைப்பு போன பிறகும் அவன் ஃபோனைக் காதிலிருந்து எடுக்கவில்லை.